கடற்கரை அடுக்களையில் பூண்டு வெண்ணெய்

வெண்ணெய் ஏறத்தாழ 32 முதல் 35 டிகிரி செல்சியஸுக்குள் முழுவதும் உருகிவிடும். சித்திரை, வைகாசி மாதங்களில் தொண்டியிலோ மண்டபத்திலோ கீழக்கரையிலோ அடுப்பு எரியும் அடுக்களையின் நண்பகல் வெப்பம் அந்த அளவை எளிதாகத் தாண்டிவிடுகிறது. குளிர்நாடுகளில் எழுதப்பட்ட செய்முறைகள் வெண்ணெயை வெளியே வைத்து இளக விடச் சொல்கின்றன. அதை இங்கே அப்படியே பின்பற்றினால், மேலே மஞ்சள் கொழுப்பும் அடியில் வெண்மையான நீருமாகப் பிரிந்த திரவமே சிறிது நேரத்தில் கிண்ணத்தில் மிஞ்சும். ஆகவே இராமநாதபுரம் கரையில் பூண்டு வெண்ணெய் செய்கிறவர், பிசைவதிலும் வைத்திருப்பதிலும் சமைப்பதிலும் வெப்பத்தை முன்வைத்தே முடிவெடுக்க வேண்டும். குளிர்ந்த வேளையில் பிசைய வேண்டும், சிறிதளவே செய்ய வேண்டும், அடுப்பை அணைத்த பிறகே உணவில் சேர்க்க வேண்டும். இவற்றைக் கடைப்பிடித்தால், காலையில் கரைக்கு வந்த இறாலுக்கும் கணவாய்க்கும் இதைவிடப் பொருத்தமான துணை வேறில்லை என்பது என் உறுதியான கருத்து.

வெண்ணெய் எடுத்தல்

கடையில் வாங்கும் உப்பில்லாத வெண்ணெயைக் கொண்டும் இதைச் செய்யலாம். உப்பிட்ட வெண்ணெயாக இருந்தால் பின்னால் சொல்லும் உப்பை விட்டுவிட வேண்டும். எனினும் வீட்டில் கடைந்த வெண்ணெய்க்கு இலேசான புளிப்பு மணம் உண்டு. கடலுணவோடு சேரும்போது அந்தப் புளிப்பு மிக நன்றாக ஒத்துப்போகிறது. முடிந்தவர்கள் கடைந்தே எடுக்க வேண்டும் என்று விரும்புகிறேன்.

வீட்டுக்கு வந்து கறந்து தருகிற பால் கிடைத்தால் அதுவே சிறந்தது. பாக்கெட் பாலாக இருந்தால் 6 சதவீதக் கொழுப்புள்ள நிறைகொழுப்புப் பாலைத் தேர்ந்தெடுக்க வேண்டும். அதில் ஒரு லிட்டருக்கு 60 கிராம் அளவுக்குக் கொழுப்பு இருந்தாலும் அது முழுவதும் ஆடையாகத் திரண்டுவிடாது. காய்ச்சிய பாலை அசைக்காமல் ஆறவிட்டு, பிறகு சில மணி நேரம் ஃபிரிட்ஜில் வைத்தால் ஆடை தடித்து, கரண்டியால் எடுப்பதற்கு வாகாக வரும். அதை மூடியுள்ள கிண்ணத்தில் நாள்தோறும் சேர்த்து ஃப்ரீசரில் வைக்க வேண்டும். ஒரு கிண்ணம் நிறைந்ததும் உறைநிலை நீங்க விட்டு, இரண்டு தேக்கரண்டி புளிக்காத தயிரைக் கலந்து உறை ஊற்ற வேண்டும். கோடையில் ஐந்தாறு மணி நேரத்தில் தோய்ந்துவிடும். மழைக்காலத்தில் இரவு முழுவதும் விடலாம். கோடையிலும் இரவெல்லாம் வெளியே விட்டால் புளிப்பு மிகுந்து, கடைந்த வெண்ணெயில் காடி நாற்றம் ஏறிவிடும்.

தோய்ந்த ஆடையை உடனே கடையக் கூடாது. மறுபடியும் ஃபிரிட்ஜில் வைத்து நன்றாகக் குளிரவிட வேண்டும். கொழுப்புத் துளிகள் ஓரளவு இறுகியிருந்தால்தான் கடையும்போது ஒன்றோடொன்று ஒட்டித் திரளும். வெப்பம் மிகுந்தால் அவை எண்ணெய் போல மோருக்குள்ளேயே பரவி நின்றுவிடும். 12 முதல் 15 டிகிரி வரையிலான குளிர்ச்சி வெண்ணெய் திரளுவதற்கு ஏற்றது. மத்தால் கடைந்தாலும் மிக்சியில் ஓட்டினாலும் நடப்பது ஒன்றே: முதலில் நுரைக்கும், பிறகு கெட்டிப்படும், அதன்பின் திடீரென்று சிறு மணிகளாக உடைந்து மோர் தனியே பிரியும். மிக்சியை விட்டுவிட்டு ஓட்ட வேண்டும், ஏனென்றால் தொடர்ந்து ஓடும் சாடியின் சூட்டிலேயே வெண்ணெய் இளகிவிடும். குளிர்ந்த குடிநீரையோ வீட்டு ஃப்ரீசரில் உறையவைத்த பனிக்கட்டியையோ இடையில் சேர்க்கலாம். மீன் ஏலக்கூடங்களின் பக்கம் எளிதாகக் கிடைக்கிற பார் ஐஸைப் பாத்திரத்தின் வெளிப்புறத்தைக் குளிர்விக்க மட்டுமே பயன்படுத்த வேண்டும். மீனைப் பாதுகாக்க உறையவைத்த பனிக்கட்டி குடிநீரில் செய்யப்பட்டது என்று கொள்வதற்கில்லை.

திரண்ட வெண்ணெயை வடித்தெடுத்து, குளிர்ந்த நீரில் மூன்று நான்கு முறை கழுவ வேண்டும். இந்த வேலையைப் பலர் அவசரமாக முடித்துவிடுகிறார்கள். வெண்ணெயில் தங்கும் மோரில் பால் சர்க்கரையும் புரதமும் இருக்கின்றன. அவைதான் முதலில் கெடுகின்றன, வாணலியில் முதலில் கருகுவதும் அவைதான். கழுவிய நீர் தெளிவாக வரும்வரை கழுவி, மரக்கரண்டியால் கிண்ணத்தின் ஓரத்தில் அழுத்தி நீரை ஒட்ட வடித்துவிட வேண்டும்.

பூண்டு: பச்சையாகவா, வதக்கியா

பூண்டு வெண்ணெயின் சுவையைத் தீர்மானிப்பது பூண்டின் அளவைவிட அதை நடத்தும் விதமே. முழுப் பூண்டுப் பல்லுக்கு அவ்வளவாக மணமில்லை. அதை நசுக்கும்போது உயிரணுக்கள் உடைந்து, தனித்தனியே இருந்த அல்லியின் என்ற பொருளும் அல்லினேஸ் என்ற நொதியும் கலக்கின்றன. அந்தக் கலப்பில் பிறக்கும் அல்லிசின்தான் பச்சைப் பூண்டின் காரத்துக்கும் நெடிக்கும் காரணம். வெப்பம் பட்டால் நொதி செயலிழந்துவிடுகிறது. ஆகவே நசுக்கிய பூண்டை உடனே சூட்டில் போட்டால் மணம் முழுமை பெறுவதில்லை. பத்து நிமிடம் அப்படியே வைத்திருந்து பிறகு பயன்படுத்துவது நல்லது.

கொடைக்கானல் மலைப்பூண்டு கிடைத்தால் அதையே பரிந்துரைப்பேன். 2019-இல் புவிசார் குறியீடு பெற்ற அந்தப் பூண்டு நெடியும் காரமும் மிகுந்தது. ஆகையால் சாதாரண வெள்ளைப்பூண்டின் அளவில் மூன்றில் இரண்டு பங்கு போதுமானது. எந்தப் பூண்டானாலும் பல் இறுக்கமாகவும் உலர்ந்தும் இருக்க வேண்டும். கடற்காற்றின் ஈரத்தில் இங்கே பூண்டு விரைவில் முளைவிடும் அல்லது பூசணம் பிடிக்கும். முளைவிட்ட பல்லை நெடுக்காகப் பிளந்து நடுவில் உள்ள பச்சைக் குருத்தை நீக்கிவிட்டால் கசப்பு இருக்காது. பூசணம் கண்ட பல்லை எறிந்துவிட வேண்டும்.

நூறு கிராம் வெண்ணெய்க்கு, பச்சையாகச் சேர்ப்பதானால் தோலுரித்த பூண்டு 12 முதல் 15 கிராம் போதும். வதக்கிச் சேர்ப்பதானால் 25 முதல் 30 கிராம் வரை எடுக்கலாம். பச்சைப் பூண்டைக் கால் தேக்கரண்டிக் கல் உப்போடு சிறு உரலில் இட்டு விழுதாக இடிக்க வேண்டும். உப்பின் பரல்களே பூண்டை அரைத்துக் கொடுக்கும். வாலிநோக்கம் பக்கத்து உப்பளங்களின் உப்பைப் பயன்படுத்தும் மாவட்டத்தில் இதற்குத் தனியாகப் பொடியுப்பைத் தேட வேண்டியதில்லை. மிக்சியில் அரைத்தால் பூண்டு சாடியின் ஓரங்களில் தெறித்து ஒட்டிக்கொள்வதோடு, இவ்வளவு சிறிய அளவு சீராக அரைபடுவதும் இல்லை.

வதக்குவதாக இருந்தால், மொத்த வெண்ணெயில் ஐந்தில் ஒரு பங்கை மட்டும் சிறிய வாணலியில் உருக்கி, பொடியாக அரிந்த பூண்டை மிக இளந்தீயில் நான்கைந்து நிமிடம் வைத்துக் கிளற வேண்டும். பச்சை நெடி போய் இனிய மணம் எழும் நேரத்தில், நிறம் மாறத் தொடங்குவதற்குச் சற்று முன்பே இறக்கிவிட வேண்டும். வாணலியின் சூடு இறக்கிய பிறகும் வேலை செய்யும் என்பதால் உடனே வேறு கிண்ணத்துக்கு மாற்றுவது அவசியம். பொன்னிறத்தைத் தாண்டிப் பழுத்த பூண்டின் கசப்பை எந்த மசாலாவும் மறைக்காது. இதை முழுவதும் ஆறவைத்து, கட்டியாக இருக்கும் மீதி வெண்ணெயோடு சேர்க்க வேண்டும்.

இரண்டில் எது சிறந்தது என்று கேட்டால், சூடான கடலுணவின் மேல் இடுவதற்குப் பச்சைப் பூண்டையும், ரொட்டியிலும் பரோட்டாவிலும் தடவுவதற்கு வதக்கிய பூண்டையும் தேர்ந்தெடுப்பேன். இறாலின் சூட்டில் பச்சை நெடியின் கூர்மை சற்றே அடங்கி, மணம் முழுவதும் நிற்கிறது. ரொட்டியில் அந்த அளவு சூடு இல்லாததால் பச்சைப் பூண்டு நாவில் எரிச்சலாகவே தங்கிவிடுகிறது.

கலத்தலும் சேர்மானங்களும்

விடியற்காலையே கலப்பதற்கு உகந்த நேரம். ஃபிரிட்ஜிலிருந்து எடுத்த வெண்ணெயைச் சிறு துண்டுகளாக நறுக்கி, விரலால் அழுத்தினால் பள்ளம் விழும் பதம் வரும்வரை மட்டும் வெளியே வைக்க வேண்டும். கோடையில் அதற்குப் பத்து நிமிடம்கூட ஆகாது. கலக்கும் கிண்ணத்தைப் பனிக்கட்டி மிதக்கும் நீருள்ள பெரிய பாத்திரத்தில் அமர்த்திக்கொண்டு, மரக்கரண்டியால் பூண்டு விழுதைச் சிறிது சிறிதாகச் சேர்த்துப் பிசைய வேண்டும். இடையில் வெண்ணெய் உருகத் தொடங்கினால் உடனே நிறுத்திக் குளிரவைத்துத் தொடரலாம். முழுவதும் உருகிப் பிரிந்துவிட்டால் மறுபடி உறையவைத்தாலும் பழைய குழைவு வராது, மணல் மணலாகத்தான் இருக்கும். அதை எறிய வேண்டாம். அன்றைய சமையலிலேயே பயன்படுத்திவிடலாம்.

கொத்தமல்லித் தழையைக் கழுவி, துணியில் ஒற்றி, ஈரமில்லாமல் அரிந்து இரண்டு மேசைக்கரண்டி சேர்க்கலாம். மேலை நாட்டுத் தழைகளைத் தேடி அலைவதால் இங்கே எந்த நன்மையும் இல்லை. நறுக்கென்று பொடித்த மிளகு அரைத் தேக்கரண்டி நன்றாக இருக்கும். ஆனால் இந்த மாவட்டத்துக்கே உரிய சேர்மானம் குண்டு மிளகாய்தான். 2023-இல் இராமநாதபுரம் முண்டு மிளகாய் என்ற பெயரில் புவிசார் குறியீடு பெற்ற, உருண்டையான, தடித்த தோலுள்ள அந்த மிளகாயை விதை நீக்கி, வெறும் வாணலியில் மணம் வரும்வரை வறுத்து, கரகரப்பாகப் பொடித்து, நூறு கிராம் வெண்ணெய்க்கு அரைத் தேக்கரண்டி சேர்த்தால் போதும். மிளகாயின் செந்நிறம் கொழுப்பில் கரையக்கூடியது என்பதால், சில மணி நேரத்தில் வெண்ணெய் முழுவதும் இளஞ்சிவப்பாக மாறிவிடும். மணமும் அதனோடு பரவும்.

எலுமிச்சைச் சாற்றை மட்டும் இந்தக் கட்டத்தில் சேர்க்க வேண்டாம். சாற்றின் நீர் வெண்ணெயில் கலக்காமல் துளித்துளியாகப் பிரிந்து நிற்கும். அதோடு, நாள்பட்ட பூண்டு புளிப்போடு சேரும்போது நீலப்பச்சை நிறம் கொள்வதும் உண்டு. அந்த நிறத்தால் தீங்கில்லை என்றாலும், அதைப் பார்த்துத் தயங்காமல் உண்பவர்கள் குறைவு. எலுமிச்சையின் மணம் வெண்ணெயிலேயே வேண்டும் என்பவர்கள் பச்சைத் தோலை மட்டும் மெல்லச் சீவிச் சேர்க்கலாம். சாற்றைப் பரிமாறும்போது பிழிவதே முறை.

வைத்திருத்தல்

இந்தப் பகுதியை யாரும் தாண்டிச் செல்ல வேண்டாம் என்று கேட்டுக்கொள்கிறேன். பூண்டு மண்ணில் விளைவது. மண்ணில் வாழும் கிளாஸ்டிரிடியம் பொட்டுலினம் என்ற நுண்ணுயிரின் வித்துகள் அதில் ஒட்டியிருக்கக்கூடும். காற்று பட்டால் அவை வளர்வதில்லை. ஆனால் பூண்டைக் கொழுப்பு முழுவதும் சூழ்ந்து, காற்றும் புளிப்பும் இல்லாத நிலையில், வெளி வெப்பத்தில் வைத்திருந்தால் அவை முளைத்து நஞ்சை உண்டாக்கும். அந்த நஞ்சுக்கு மணமும் இல்லை, சுவையும் இல்லை. நரம்புகளைத் தாக்கி மூச்சை நிறுத்தும் வலிமை மட்டும் உண்டு. 1985-இல் கனடாவின் வான்கூவரில் ஓர் உணவகத்தில், குளிரில் வைக்கப்படாத, எண்ணெயில் ஊறிய பூண்டினால் 36 பேர் பாதிக்கப்பட்டார்கள். நாம் சேர்க்கும் உப்பின் அளவு இந்த நுண்ணுயிரைத் தடுக்கப் போதாது, பூண்டை வதக்கிவிட்டாலும் அதன் வித்துகள் அழிவதில்லை.

ஆகவே பூண்டு வெண்ணெயை 4 டிகிரிக்குக் கீழே ஃபிரிட்ஜில் வைத்து, நான்கு நாளைக்குள் முடித்துவிட வேண்டும். அதற்கு மேல் தேவைப்படும் என்றால், செய்த அன்றே ஃப்ரீசருக்கு மாற்ற வேண்டும். உறைநிலையில் இரண்டு மூன்று மாதம் வரை நன்றாக இருக்கும். ஐஸ் தட்டின் குழிகளில் குழிக்கு ஏறத்தாழ 15 கிராமாக நிரப்பி உறையவைத்து, பிறகு கட்டிகளை மூடியுள்ள டப்பாவில் போட்டுக்கொண்டால், தேவைப்படும்போது இரண்டோ மூன்றோ எடுத்தால் போதும். நீளமாக உருட்டிச் சுற்றி வைக்க விரும்பினால் வாட்டிய வாழையிலை பட்டர் பேப்பரைவிட அழகாக வேலை செய்கிறது. சுற்றிய பொதியை மூடியுள்ள டப்பாவுக்குள்தான் வைக்க வேண்டும், ஏனென்றால் வெண்ணெய் பக்கத்தில் உள்ள மீனின் வாடையை விரைவில் ஏற்றுக்கொள்ளும். ஐப்பசி, கார்த்திகையில் புயல் மழையால் மின்சாரம் நின்று, ஃபிரிட்ஜ் பல மணி நேரம் குளிர்ச்சி இழந்துவிட்டால், இளகிய பூண்டு வெண்ணெயை மறுபடி உறையவைத்துக் காப்பாற்ற முயலாமல் கொட்டிவிடுவதே சரி.

கடலுணவோடு

வெண்ணெயிலேயே இறாலை வறுக்க வேண்டும் என்று பலர் எண்ணுகிறார்கள். அதனால்தான் பூண்டு கருகி, வெண்ணெய் பழுப்பேறி, இறாலின் இனிமை மறைந்துவிடுகிறது. வெண்ணெயில் உள்ள பால் திடப்பொருள்கள் 150 டிகிரியைக் கடந்ததும் கருகத் தொடங்கும். காய்ந்த இரும்புக் கல்லின் வெப்பமோ அதைவிட மிக அதிகம். வறுப்பதைக் கடலை எண்ணெயிடம் விட்டுவிட்டு, மணத்தை மட்டும் பூண்டு வெண்ணெயிடம் கேட்க வேண்டும்.

அரைக் கிலோ இறாலை ஓடு நீக்கி, வாலை மட்டும் விட்டு, முதுகைக் கீறிக் குடல் நூலை எடுத்துக் கழுவிய பின், துணியால் ஒற்றி ஈரத்தைப் போக்க வேண்டும். ஈரமான இறால் கல்லில் வறுபடாது, தன் நீரிலேயே வேகும். கல்லை நன்றாகக் காயவைத்து, ஒரு மேசைக்கரண்டி எண்ணெய் ஊற்றி, இறாலை நெருக்கமில்லாமல் பரப்பி, ஒரு பக்கம் ஒன்றரை நிமிடமும் மறுபக்கம் ஒரு நிமிடமும் விட்டால் நடுத்தர அளவு இறாலுக்குப் போதும். அது பிறைபோல வளைந்திருக்கும்போதே அடுப்பை அணைக்க வேண்டும். வட்டமாகச் சுருண்டுவிட்டால் பதம் தாண்டிவிட்டது என்று பொருள். அணைத்து அரை நிமிடம் கழித்து, குளிர்ந்த பூண்டு வெண்ணெய் 40 கிராமைத் துண்டுகளாகப் போட்டுக் கல்லை ஆட்டிப் புரட்ட வேண்டும். குளிர்ந்த வெண்ணெய் மெல்ல உருகும்போது அதன் நீரும் கொழுப்பும் இறாலின் சாறோடு சேர்ந்து கொழகொழப்பான குழம்பாகும். அதிகச் சூட்டில் உருகினால் அவை பிரிந்து எண்ணெயாகவே நிற்கும். கடைசியாக அரை மூடி எலுமிச்சையைப் பிழிந்து உடனே பரிமாற வேண்டும்.

ஊசிக்கணவாய்க்கும் இதே முறைதான், நேரத்தில் மட்டும் இன்னும் கண்டிப்பு வேண்டும். வளையங்களாக அரிந்து, கடும் சூட்டில் இரண்டு நிமிடத்துக்குள் எடுத்துவிட வேண்டும். அதைத் தாண்டினால் இறுகிவிடும். பிறகு அரை மணி நேரத்துக்கு மேல் வேகவைத்தால்தான் மறுபடி மெதுவாகும். நண்டைத் துண்டாக்காமல் ஆவியில் 12 முதல் 15 நிமிடம் வேகவைத்து, ஓட்டைத் திறந்து, கால்களைத் தட்டி உடைத்து, இளஞ்சூட்டில் உருக்கிய குண்டு மிளகாய் வெண்ணெயைக் கிண்ணத்தில் தனியாகத் தர வேண்டும். பாக் நீரிணைப் பக்கத்து நீலக்கால் நண்டின் சதை இயல்பிலேயே இனிப்பானது. அதை மசாலாவில் மூழ்கடிப்பதைவிட இப்படி உண்பதே அதற்குச் செய்யும் மரியாதை.

மீனில் எல்லாவற்றுக்கும் இது பொருந்தாது. விளைமீன், சங்கரா, கொடுவா போன்ற வெண்சதை மீன்களைச் சுட்டோ கல்லில் வாட்டியோ எடுத்து, தட்டில் வைத்த பின் மேலே ஒரு துண்டு வெண்ணெயை வைத்தால் மிக நன்றாக இருக்கும். மத்திக்கும் அயிலைக்கும் சொந்த எண்ணெயே நிறைய உண்டு. அவற்றின் மேல் வெண்ணெய் இடுவது திகட்டலையே தரும். புளி சேர்ந்த குழம்பிலும் இதைக் கலக்க வேண்டாம்.

மற்ற பயன்கள்

ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை விசைப்படகுகள் கடலுக்குச் செல்லாத தடைக்காலத்தில் நல்ல இறாலின் விலை ஏறிவிடும். அந்த நாள்களில் பூண்டு வெண்ணெய்க்கு வேறு வேலை கொடுக்கலாம். பரோட்டாவைக் கல்லிலிருந்து எடுத்து இரு கையாலும் தட்டி அடுக்கு விட்டவுடன், வதக்கிய பூண்டு வெண்ணெயை மேலே தடவினால் சூட்டில் உள்ளே இறங்கும். பன்னைப் பிளந்து உட்புறத்தில் தடவி, இளந்தீயில் கல்லின் மேல் கவிழ்த்து மூடியிட்டால் ஓரம் மொறுமொறுப்பாகவும் நடுவில் மென்மையாகவும் வரும்.

மார்கழி, தை மாதங்களில் பனங்கிழங்கு வரும்போது ஒருமுறையாவது இதை முயன்று பார்க்கக் கேட்டுக்கொள்கிறேன். சாயல்குடிப் பக்கத்துக் கிழங்கு கிடைத்தால் இன்னும் மகிழ்ச்சி. உப்பும் மஞ்சளும் இட்டு வேகவைத்து, தோலையும் நடுவில் உள்ள தண்டையும் நாரையும் நீக்கி, விரல் கனத்துக்கு வட்டமாக அரிந்து, வாணலியில் சில துளி எண்ணெயில் ஓரம் சிவக்கப் புரட்ட வேண்டும். அடுப்பை அணைத்ததும் நூறு கிராம் கிழங்குக்கு ஒரு கட்டி பூண்டு வெண்ணெயும் மிளகும் சேர்க்கலாம். கிழங்கின் மாவுத்தன்மை வெண்ணெயை உறிஞ்சிக்கொள்ளும். சிறு கசப்பும் பூண்டும் சேர்ந்து தரும் சுவை உருளைக்கிழங்கில் கிடைக்காதது.

இறால் புரட்டிய கல்லில் மிஞ்சும் குழம்பை வீணாக்கக் கூடாது. அன்று வடித்த சாதத்தை அதிலேயே கொட்டி, அடுப்பைப் பற்றவைக்காமல் பிரட்டி, கறிவேப்பிலையைக் கிள்ளிப் போட்டால் ஒருவருக்குப் போதுமான நல்ல உணவு கிடைக்கும். அதை அந்த வேளையிலேயே உண்டுவிட வேண்டும். மீதத்தை வெளியே வைத்திருந்து இரவுக்கு எடுக்கக் கூடாது.